பெட்டி நம்முடையது, சாவி யாரிடம்?

என் அக்காள் மகனுக்கு வயது 11. டி.வி.யோடு இணைத்து விளையாடும் வீடியோ கேம் பெட்டி ஒன்று அவனிடம் இருக்கிறது. அக்காள் இரண்டு ஆண்டு சீட்டுக் கட்டி, அந்தப் பணத்தில் வாங்கிக் கொடுத்த பெட்டி.

போன ஞாயிற்றுக்கிழமை அவன் பெட்டியை முடுக்கினான். ஆட்டம் வரவில்லை. அதற்குப் பதிலாக, டி.வி. திரையில் ஒரு அறிவிப்பு வந்தது.

"எங்கள் விதிகளை மாற்றி இருக்கிறோம். சம்மதமா?" என்று அது கேட்டது. கீழே இரண்டு கட்டங்கள். ஒன்றில் "சம்மதம்." மற்றதில் "சம்மதம் இல்லை."

பையன் என் பக்கம் திரும்பினான்.

"மாமா! இது நம்ம பெட்டிதானே? அம்மா காசு கொடுத்து வாங்கினதுதானே? அவங்க எதுக்கு நடுவுல வந்து சம்மதம் கேக்குறாங்க? சம்மதம் இல்லைன்னு சொன்னா என்ன செய்வாங்க?"

எனக்குப் பதில் சொல்ல வாய் வரவில்லை. காலேஜில் படித்துப் பட்டம் வாங்கியவன் நான்!

இதே கேள்வியை, 2010-ம் ஆண்டில் அமெரிக்காவில் ஆயிரக்கணக்கான பேர் கேட்டார்கள். பிள்ளைகள் மட்டும் அல்ல. பேராசிரியர்கள் கேட்டார்கள், வக்கீல்கள் கேட்டார்கள். கேள்வி கோர்ட்டு வரை போனது. ஒரு பெரிய கம்பெனியின் பூட்டு தவிடுபொடி ஆனது.

அந்தக் கதையைத்தான் இங்கே சொல்லப் போகிறேன். கதையோடு என் கருத்தையும் சொல்வேன். சிலருக்கு அது பிடிக்காமல் போகலாம்.

பூட்டு எதற்கு?

வீடியோ கேம் பெட்டி என்பது ஒரு கம்ப்யூட்டர்தான். ஆனால், எல்லாக் கம்ப்யூட்டரையும் போல் அது எதைச் சொன்னாலும் செய்யாது. கம்பெனி சம்மதித்த ஆட்டத்தை மட்டும்தான் அது ஏற்கும். மற்றதை வெளியே தள்ளிவிடும்.

எப்படித் தெரிந்துகொள்கிறது? அதற்குத்தான் பூட்டும் சாவியும்.

இது இரும்புச் சாவி அல்ல, எண். மிக நீளமான ஒரு எண்! அந்த எண்ணைக் கொண்டு, ஆட்டத்தைப் பிறர் படிக்க முடியாதபடி குழப்பி எழுதுவார்கள். மறைமொழி என்று வைத்துக்கொள்ளுங்கள். இன்னொரு எண்ணைக் கொண்டு, ஆட்டத்தின் மேல் முத்திரை குத்துவார்கள். முத்திரை சரியாக இருந்தால் பெட்டி ஆட்டத்தைத் திறக்கும். இல்லாவிட்டால் திறக்காது.

முத்திரை குத்தும் எண், கம்பெனியின் கையில் மட்டும் இருக்கும். அதுதான் ரகசியச் சாவி. முத்திரையைச் சோதிக்கும் எண் ஒவ்வொரு பெட்டியிலும் இருக்கும். சோதிக்கும் எண்ணை வைத்துக்கொண்டு யாரும் முத்திரை குத்த முடியாது. தாசில்தார் முத்திரையைப் பார்த்து, "இது உண்மையானது" என்று சொல்ல எல்லோராலும் முடியும். குத்துவதற்குத் தாசில்தார்தானே வேண்டும்? அதுபோல.

இந்தப் பூட்டுப் போடும் வழக்கத்தைப் பெரிய அளவில் தொடங்கி வைத்தது ஜப்பானில் உள்ள நிண்டெண்டோ கம்பெனி. 1985-ம் ஆண்டு அமெரிக்காவில் அது விற்ற பெட்டிக்குள் ஒரு சிறு சில்லு இருந்தது. ஆட்டம் அடங்கிய ஒவ்வொரு கெட்டியிலும் அதற்கு ஜோடிச் சில்லு இருந்தது. இரண்டும் ஓயாமல் பேசிக்கொள்ளும். பேச்சு ஒத்துப்போனால்தான் ஆட்டம் நடக்கும்.

காரணம் இருந்தது. 1983-ம் ஆண்டு அமெரிக்காவில் கண்டவர்களும் ஆட்டம் செய்து விற்று, கடை எல்லாம் குப்பை நிறைந்து, வியாபாரமே படுத்துவிட்டது. "அது நமக்கும் வரக்கூடாது" என்று நிண்டெண்டோ நினைத்தது. நியாயம்தான்.

ஆனால் பூட்டு என்ன செய்தது தெரியுமா? கெட்டி மாட்டும் இடத்தில் கொஞ்சம் தூசி சேர்ந்தால் போதும். இரண்டு சில்லும் பேசிக்கொள்ள முடியாது. "திருடன் வந்துவிட்டான்" என்று எண்ணி, பெட்டி திரும்பத் திரும்ப அணைந்து அணைந்து எரியும். சிவப்பு விளக்கு கண்ணைச் சிமிட்டும். காசு கொடுத்துக் கெட்டி வாங்கிய பிள்ளைகள், அதை வாயில் வைத்து ஊது ஊது என்று ஊதினார்கள். பிற்பாடு சிலர் அந்தச் சில்லின் 4-வது காலை வெட்டிவிட்டார்கள். சிமிட்டல் நின்றது!

திருடனுக்குப் போட்ட பூட்டு, வீட்டுக்காரன் விரலை நசுக்கியது. இது முதல் பாடம்.

இரண்டு வழக்கு

நிண்டெண்டோவின் பூட்டை உடைக்க அட்டாரி கேம்ஸ் என்ற கம்பெனி முயன்றது. முடியவில்லை. என்ன செய்தது? அமெரிக்க அரசாங்கத்தின் பதிப்புரிமை ஆபீசில் பூட்டின் விவரம் எழுதிய காகிதம் இருந்தது. "எங்கள் மேல் வழக்கு இருக்கிறது, அதற்கு வேண்டும்" என்று கூறி அட்டாரியின் வக்கீல் அதை வாங்கிவிட்டார். அப்போது வழக்கே இல்லை! குட்டு வெளியானது. 1992-ம் ஆண்டு அப்பீல் கோர்ட்டு அட்டாரிக்கு எதிராகத் தீர்ப்புக் கூறியது.

அதே ஆண்டில், இன்னொரு அப்பீல் கோர்ட்டில் இன்னொரு வழக்கு. அக்கொலேட் என்ற கம்பெனி, சேகா கம்பெனியின் பெட்டியைக் கடையில் காசு கொடுத்து வாங்கியது. பிரித்துப் பார்த்தது. எப்படி வேலை செய்கிறது என்று தானே கண்டுபிடித்தது. அதில் ஓடும்படி தன் சொந்த ஆட்டங்களைச் செய்தது. சேகா வழக்குப் போட்டது. "இதில் தப்பு இல்லை" என்று கோர்ட்டு கூறிவிட்டது.

இரண்டு வழக்கையும் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். பொய் சொல்லிக் காகிதம் வாங்கியவர் தோற்றார். சொந்த மூளையைச் செலவழித்தவர் ஜெயித்தார். ஒரே ஆண்டில், கோர்ட்டுகள் கோட்டைச் சரியான இடத்தில் போட்டன என்பது என் எண்ணம். பிறகு 1998-ம் ஆண்டு அமெரிக்காவில் புதுச் சட்டம் வந்தது. மறைமொழிப் பூட்டை உடைப்பதே குற்றம் என்று அது கூறியது. கோடு நகர்ந்துவிட்டது.

தனி அறை

இப்போது நம் கதையின் நாயகனுக்கு வருவோம். அதன் பெயர் பிளே ஸ்டேஷன்-3. செய்தது, ஜப்பானின் சோனி கம்பெனி. 2006-ம் ஆண்டு நவம்பர் மாதம் விற்பனைக்கு வந்தது. அமெரிக்காவில் விலை 499 டாலர். பெரியது 599 டாலர்.

அந்தப் பெட்டியில் ஒரு விசேஷம் இருந்தது. சோனியின் ஆட்டம் ஒரு பக்கம். இன்னொரு பக்கம், வாங்கியவர் தம் இஷ்டப்படி பயன்படுத்த ஒரு தனி அறை! அதில் "லினக்ஸ்" என்ற இலவச இயங்குமுறையை ஏற்றிக்கொள்ளலாம். பெட்டி, முழுக் கம்ப்யூட்டர் ஆகிவிடும். கடிதம் எழுதலாம். கணக்குப் போடலாம். சொந்தமாக ஆட்டம் எழுதிப் பார்க்கலாம். இதைச் சோனியே சொல்லித்தான் விற்றது.

பலர் அதற்காகவே வாங்கினார்கள். மாசசூசெட்ஸ் பல்கலைக்கழகத்தின் டார்ட்மத் வளாகத்தில் கவுரவ் கன்னா என்ற பவுதிகப் பேராசிரியர், பல பெட்டிகளை ஒன்றாகச் சேர்த்தார். எதற்கு? வானத்தில் உள்ள கருந்துளைகளைப் பற்றிக் கணக்குப் போட!

அமெரிக்க விமானப்படை இன்னும் ஒரு படி மேலே போனது. 1,760 பிளே ஸ்டேஷன்களை வாங்கி, நியூயார்க் மாநிலத்தில் உள்ள ரோம் என்ற ஊரில் ஒன்றாக இணைத்தது. பிள்ளைகள் விளையாடும் பெட்டிகளைக் கொண்டு ராட்சதக் கம்ப்யூட்டர்! அதே வேலையைச் செய்யும் வேறு கருவிகளை வாங்கினால் செலவு பல மடங்கு ஆகி இருக்கும்.

இந்த நிலையில், ஜார்ஜ் ஹாட்ஸ் என்ற அமெரிக்க வாலிபர் குறுக்கே வந்தார். 17 வயதில் ஐ-போன் பூட்டைத் திறந்து பெயர் வாங்கியவர் அவர். 2010-ம் ஆண்டு ஜனவரியில், அந்தத் தனி அறை வழியாக உள்ளே புகுந்து, சோனியின் காவல் அறைச் சுவரில் ஒரு ஓட்டை போட்டுவிட்டதாக அவர் அறிவித்தார்.

சோனி பயந்தது. ஓட்டையை அடைப்பது முறை. அது அறையையே மூடிவிட்டது!

2010-ம் ஆண்டு ஏப்ரல் மாதம் 1-ந் தேதி. முட்டாள்கள் தினம். அன்று சோனியிடம் இருந்து ஒரு புதிய மாற்றம் வந்தது. அதை ஏற்றால், தனி அறை போய்விடும். ஏற்காவிட்டால்? நண்பர்களோடு இணையத்தில் ஆட முடியாது. புதிதாக வரும் ஆட்டங்களும் ஓடாது.

எப்படி இருக்கிறது? மாடியும் தோட்டமும் சேர்த்து ஒருவர் வீடு விற்கிறார். மூன்று ஆண்டு கழித்து வருகிறார். "தோட்டத்தை எனக்குக் கொடுத்துவிடு. இல்லாவிட்டால் மாடிப்படியை எடுத்துவிடுவேன்" என்கிறார். விற்ற பணத்தில் ஒரு பைசா திருப்பித் தரவில்லை!

இந்த இடத்தில்தான், சோனி தப்புச் செய்தது என்கிறேன். பூட்டுப் போட்டது தப்பு அல்ல. விற்ற பொருளைத் திருப்பி எடுத்துக்கொண்டது தப்பு.

தேங்காய்க் கணக்கு

மூன்றரை ஆண்டு ஒருவரும் அந்தப் பெட்டியின் பூட்டை உடைக்கவில்லை. அறையை மூடிய 9 மாதத்தில் பூட்டு நொறுங்கியது.

ஜெர்மனியில் பெர்லின் நகரத்தில், அப்போது ஆண்டுதோறும் டிசம்பர் கடைசியில் பூட்டுடைக்கும் கில்லாடிகள் கூடி வந்தார்கள். பகிரங்கமான மாநாடுதான், திருட்டுக் கூட்டம் அல்ல. 2010-ம் ஆண்டு மாநாட்டில் ஒரு குழு மேடை ஏறியது. சோனியின் முத்திரையில் உள்ள மோசமான தவறை அவர்கள் போட்டு உடைத்தார்கள். கூட்டம் கைதட்டிச் சிரித்தது.

என்ன தவறு? கணக்கு என்றதும் பயப்படாதீர்கள். தேங்காய்க் கணக்குத்தான்.

ஒரு கடைக்காரர் தேங்காய் விலையை ரகசியமாக வைத்திருக்கிறார். தேங்காயோடு சுமை கூலியும் சேர்த்து, மொத்தத் தொகையை மட்டும் சொல்வார். இன்று 2 தேங்காய் வாங்குகிறீர்கள். கூலியோடு 70 ரூபாய் என்கிறார். இதில் இருந்து தேங்காய் விலை தெரியுமா? தெரியாது. 20 ரூபாய்த் தேங்காயும் 30 ரூபாய்க் கூலியுமாக இருக்கலாம். 25 ரூபாய்த் தேங்காயும் 20 ரூபாய்க் கூலியுமாகவும் இருக்கலாம்.

நாளை 5 தேங்காய் வாங்குகிறீர்கள். கூலியோடு 160 ரூபாய். கூலி, நேற்றைய கூலியேதான்.

இப்போது? 3 தேங்காய் கூடியதற்கு 90 ரூபாய் கூடியது. ஒரு தேங்காய் 30 ரூபாய். கூலி 10 ரூபாய். ரகசியம் போச்சு!

கூலியைத் தினம் மாற்றி இருந்தால், ஆயுசுக்கும் கண்டுபிடிக்க முடியாது.

சோனியின் முத்திரையும் இப்படித்தான். தேங்காய் விலை என்பது ரகசியச் சாவி. கூலி என்பது, ஒவ்வொரு முறை முத்திரை குத்தும்போதும் புதிதாக, குருட்டாம்போக்கில் எடுக்க வேண்டிய ஒரு எண். சோனி என்ன செய்தது? எல்லா முத்திரைக்கும் ஒரே எண்ணைப் போட்டது! ஏறத்தாழ 50 இலக்கம் கொண்ட எண்கள். நம் தேங்காய்க் கணக்கைவிடச் சிக்கலானவை. ஆனால் தந்திரம் அதேதான். இரண்டு முத்திரையை எடுத்து ஒன்றில் இருந்து ஒன்றைக் கழித்தார்கள். கம்பெனியின் ரகசியச் சாவி கையில் வந்து விழுந்தது.

கோடிக்கணக்கான டாலர் செலவு செய்து கட்டிய கோட்டை! பள்ளிக்கூடப் பையன் போடும் கழித்தல் கணக்கில் இடிந்தது.

இந்தக் கதையில் நான் மிகவும் ரசித்த இடம் இது. பூட்டு கெட்டியானதுதான். அந்த முத்திரை முறை இன்றும் பல இடங்களில் பயன்படுகிறது. பூட்டைச் செய்தவர் கெட்டிக்காரர்; மாட்டியவர் சோம்பேறி.

அந்தக் குழு இன்னொன்றையும் சொன்னது. "பூட்டு உடைக்கும் திறமை உள்ளவர்கள் லினக்சை வைத்துக்கொண்டு திருப்தியாக இருந்தார்கள். அதைப் பிடுங்கியதால்தான் சுத்தியலை எடுத்தார்கள்" என்பது அவர்கள் வாதம். முழுக்க உண்மை என்று நான் சொல்ல மாட்டேன். அறை திறந்து இருந்தபோதுதானே ஜார்ஜ் ஹாட்ஸ் சுவரில் ஓட்டை போட்டார்? ஆனால் முக்கால்வாசி உண்மை என்று நினைக்கிறேன்.

வழக்கு வந்தது

சில நாளில், 2011 ஜனவரித் தொடக்கத்தில், ஜார்ஜ் ஹாட்ஸ் அடிவேர்ச் சாவி ஒன்றைக் கண்டுபிடித்து, தம் இணையப் பக்கத்தில் போட்டுவிட்டார். அது சாதாரணச் சாவி அல்ல. அதைச் சோதிக்கும் எண் பெட்டிக்குள் தொழிற்சாலையிலேயே பதித்தது. விற்றுப் போன பெட்டிகளில் அதைச் சோனி நினைத்தாலும் மாற்ற முடியாது.

ஜனவரி 11-ந் தேதி சோனி வழக்குப் போட்டது. வாலிபருக்கு வயது 21. எதிரே, உலகம் முழுதும் கிளை பரப்பிய கம்பெனி. அவருடைய கம்ப்யூட்டர்களை ஒப்படைக்கும்படி கோர்ட்டு உத்தரவு போட்டது. அதோடு நிற்கவில்லை. அவருடைய இணையப் பக்கத்தைப் பார்த்தவர்களின் விவரத்தையும் சோனி கேட்டு வாங்கலாம் என்று மார்ச் மாதம் கோர்ட்டு அனுமதித்தது. பார்த்தது குற்றமா? எட்டிப் பார்த்தவன் பெயரைக் கூடவா எழுதிக்கொள்வது?

இதற்கு நடுவே ஒரு தமாஷ். சோனியின் விளம்பரத்தில் வரும் ஒரு கற்பனை ஆசாமிக்கு டுவிட்டரில் ஒரு கணக்கு இருந்தது. பிப்ரவரியில் யாரோ ஒரு குறும்பர், ரகசியச் சாவி எண் ஒன்றை அதற்கு எழுதி அனுப்பினார். கணக்கைக் கவனித்தவருக்கு அது என்னவென்று விளங்கவில்லை. ஏதோ கப்பல் ஆட்டத்து எண் என்று நினைத்து, கேலியாக ஒரு வரி சேர்த்து, அதை ஊருக்கெல்லாம் திருப்பி அனுப்பிவிட்டார். சாவியை வெளியிட்டதற்காகக் கம்பெனி வழக்கு நடத்துகிறது. கம்பெனியின் கணக்கே சாவியை வெளியிடுகிறது! பிறகு அவசர அவசரமாக அழித்தார்கள்.

ஏப்ரல் 11-ந் தேதி, வழக்கு சமாதானத்தில் முடிந்ததாக அறிவிப்பு வந்தது. சோனியின் பொருள்களில் இனி கை வைப்பதில்லை என்று ஜார்ஜ் ஹாட்ஸ் ஒப்புக்கொண்டார்.

கதை முடிந்தது என்று நினைக்கிறீர்களா? இனிமேல்தான் நம்மைப் போன்ற குடும்பத்தார் கவனிக்க வேண்டிய இடம் வருகிறது.

7 கோடியே 70 லட்சம் பேர்

9 நாள் கழித்து, 2011 ஏப்ரல் 20-ந் தேதி, சோனியின் இணைய விளையாட்டு நிலையம் திடீரென்று மூடப்பட்டது. யாரோ உள்ளே புகுந்துவிட்டார்கள். ஜார்ஜ் ஹாட்ஸ், "அது நான் அல்ல" என்று மறுத்தார். இது வேறு ஆட்கள், வேறு பூட்டு.

அங்கே 7 கோடியே 70 லட்சம் கணக்குகள் இருந்தன. பெயர், விலாசம், பிறந்த தேதி, ரகசியச் சொல் எல்லாம் கள்ளன் கையில்! மக்களுக்குச் சோனி இதைச் சொன்னது எப்போது? ஏப்ரல் 26-ந் தேதி. ஆறு நாள் கழித்து!

மே 1-ந் தேதி, டோக்கியோவில் சோனியின் பெரிய அதிகாரிகள் மூவர் நிருபர்கள் முன்னால் எழுந்து நின்று, தலை தாழ்த்தி மன்னிப்புக் கேட்டார்கள். நிலையம் மறுபடி திறக்க மூன்று வாரத்துக்கு மேல் ஆனது. 2013-ம் ஆண்டு ஜனவரியில், பிரிட்டிஷ் அரசாங்கத்தின் தகவல் காவல் அதிகாரி சோனிக்கு 2 லட்சத்து 50 ஆயிரம் பவுன் அபராதம் போட்டார். தடுத்திருக்கக் கூடிய குற்றம் என்பது அவருடைய முடிவு.

யோசித்துப் பாருங்கள். வாங்கியவன் தன் பெட்டியைத் தானே திறக்காமல் இருக்க, கம்பெனி மூன்று பூட்டு, நாலு பூட்டுப் போட்டது. வக்கீல் வைத்தது. கோர்ட்டுக்குப் போனது. ஆனால், வாங்கியவன் நம்பி ஒப்படைத்த வீட்டு விலாசத்துக்கும் ரகசியச் சொல்லுக்கும் போட்ட பூட்டு? துருப் பிடித்த பூட்டு!

எனக்குக் கோபம் வந்தது, பெட்டியைத் திறக்கவிடாததற்காக அல்ல. யாருக்கு எந்தப் பூட்டு என்ற இந்தக் கணக்கைப் பார்த்துத்தான்.

மறுபக்கம்

கம்பெனி பக்கம் நியாயமே இல்லையா? இருக்கிறது. நன்றாக இருக்கிறது.

ஒரு பெரிய ஆட்டம் செய்ய நூற்றுக்கணக்கான பேர் மூன்று ஆண்டு, நாலு ஆண்டு உழைக்கிறார்கள். படம் வரைகிறவர், பாட்டு அமைப்பவர், கணக்குப் போடுகிறவர், எல்லாருக்கும் சம்பளம் வேண்டும். பூட்டு உடைந்ததும் முதலில் ஓடி வந்தவர்கள் பேராசிரியர்கள் அல்ல. கள்ளத் தட்டு வியாபாரிகள்தான். சினிமா எடுப்பவர்களைக் கேளுங்கள், கள்ளப் பிரதி என்றால் என்ன என்று சொல்வார்கள்.

இன்னொன்று. பூட்டு உடைத்த பெட்டியோடு இணையத்துக்கு வந்து, பித்தலாட்டம் செய்து ஜெயிப்பவர்கள் இருக்கிறார்கள். எதிரே ஆடுகிற பிள்ளை அழுதுகொண்டு எழுந்து போகும். அதைக் கம்பெனி தடுக்கத்தான் வேண்டும். இணைய நிலையம் கம்பெனியின் மண்டபம். மண்டபத்துக்குள் யாரை விடுவது என்று தீர்மானிக்கும் உரிமை கம்பெனிக்கு உண்டு.

ஆனால் என் வீட்டுக் கூடத்தில் இருக்கும் பெட்டி, என் வீட்டுப் பொருள். கள்ளத் தட்டு விற்பவனைப் பிடியுங்கள், ஜெயிலில் போடுங்கள். அவன் மேல் உள்ள கோபத்தில், பெட்டி வாங்கிய எல்லோரையும் திருடனாக எண்ணக்கூடாது.

சட்டம் இன்னும் அப்படித்தான் எண்ணுகிறது. அமெரிக்காவில், போனின் பூட்டைச் சொந்தக்காரர் திறக்கலாம் என்று 2010-ம் ஆண்டு அனுமதித்தார்கள். விளையாட்டுப் பெட்டிக்கும் அதே அனுமதியைக் கேட்டபோது, 2012-ம் ஆண்டு மறுத்துவிட்டார்கள். 2021-ம் ஆண்டுதான் ஒரு சின்ன ஜன்னலைத் திறந்தார்கள். தட்டுச் சுழலும் பகுதி கெட்டுப் போனால், அதைப் பழுது பார்க்கும் அளவுக்கு மட்டும் பூட்டைத் திறக்கலாம். வேலை முடிந்ததும் மறுபடி பூட்டிவிட வேண்டும்!

இது ஏன் தேவைப்பட்டது? சில பெட்டிகளில், தட்டுச் சுழலும் பகுதியையும் உள்ளே இருக்கும் தாய்ப் பலகையையும் சாவி எண்ணால் ஜோடி சேர்த்திருக்கிறார்கள். அதே கம்பெனியின் நல்ல பகுதியை வேறு பெட்டியில் இருந்து எடுத்து மாட்டினாலும் ஆட்டத் தட்டு ஓடாது. தெருக்கோடி ரிப்பேர் கடைக்காரர் எவ்வளவு கெட்டிக்காரராக இருந்தாலும் கையை விரித்துவிடுவார். சாவி அவரிடம் இல்லையே!

கடை மூடினால்?

கடைசியாக ஒன்று. கம்பெனி சாவியை வைத்துக்கொள்ளட்டும். ஆனால் எத்தனை காலத்துக்கு?

2021-ம் ஆண்டு மார்ச் மாதம், பிளே ஸ்டேஷன்-3 பெட்டிக்கான இணையக் கடையை மூடப்போவதாகச் சோனி அறிவித்தது. கடை மூடிவிட்டால், தட்டாக வராமல் இணையத்தில் மட்டும் விற்ற ஆட்டங்களைப் புதிதாக வாங்க வழியே இல்லை. வாடிக்கையாளர்கள் கூச்சல் போட்டார்கள். ஏப்ரலில் சோனி முடிவை மாற்றிக்கொண்டது. இந்த முறை கூச்சலுக்குப் பலன் கிடைத்தது.

என்றைக்காவது கடையும் போய், சாவியும் போய்விட்டால்? புத்தகம் அச்சிட்ட கம்பெனி மூடிவிட்டது என்பதற்காக, நம் அலமாரியில் உள்ள புத்தகத்தின் எழுத்து அழிவது இல்லை. இங்கே அப்படி அல்ல. ஆகவே நான் கேட்பது இதுதான். பெட்டி விற்பனையில் இருக்கும்வரை பூட்டு இருக்கட்டும். ஆதரவை நிறுத்தும் நாளில், சாவியைச் சொந்தக்காரரிடம் கொடுத்துவிட்டுப் போகட்டும். விற்றபோது இருந்த எந்த வசதியையும், பணத்தைத் திருப்பித் தராமல் எடுக்கக்கூடாது. இதைச் சட்டமாக எழுத ஒரு பக்கம் போதும்.

அமெரிக்காவில், தனி அறையை இழந்தவர்கள் ஒன்று சேர்ந்து வழக்குப் போட்டார்கள் அல்லவா? அது இழுத்துக்கொண்டே போனது. 2018-ம் ஆண்டுதான் சோனி 37 லட்சத்து 50 ஆயிரம் டாலர் தருவதாக ஒப்புக்கொண்டது. எட்டு ஆண்டு! கோர்ட்டுச் செலவும் வக்கீல் கூலியும் போக மிச்சத்தைப் பங்கு போட வேண்டும். 500 டாலர், 600 டாலர் கொடுத்துப் பெட்டி வாங்கியவருக்குக் கிடைத்தது சொற்பம்.

இவ்வளவையும் என் அக்காள் மகனுக்குச் சொல்லலாம் என்று இருந்தேன். அதற்கு முன்னால், அந்தப் புதிய விதிகளில் அப்படி என்னதான் எழுதி இருக்கிறது என்று பார்ப்போமே என்று படிக்க ஆரம்பித்தேன். பக்கம் பக்கமாக வந்துகொண்டே இருந்தது. நாலாவது பக்கத்தில், "இந்தச் சேவையின் எந்தப் பகுதியையும் எப்போது வேண்டுமானாலும் மாற்றவோ நிறுத்தவோ எங்களுக்கு உரிமை உண்டு" என்று பொருள்படும் ஒரு வரி வந்தது.

"இங்கே பாருடா!" என்று திரும்பினேன்.

அவனுடைய நண்பர்கள் இரண்டு பேர் வாசலில் காத்துக்கொண்டு இருந்தார்கள். பையன் என் கையில் இருந்ததை வாங்கி, "சம்மதம்" என்பதை அழுத்திவிட்டான். ஆட்டம் தொடங்கிவிட்டது.